சான்றிதழ் கேட்ட பேரரசும் கார்த்தேஜ் ஆயரும்

ரோமானியப் பேரரசின் கீழ் இருந்த வட ஆப்பிரிக்க நகரான கார்த்தேஜில், கி.பி. 258ஆம் ஆண்டு செப்டம்பர் 14ஆம் திகதி, அந்நகரின் கிறிஸ்தவ ஆயர் சிப்பிரியான் மாகாண ஆளுநரின் தீர்ப்பின்படி தலை வெட்டிக் கொல்லப்பட்டார். திருச்சபை அவரைப் புனிதராகவும் மறைசாட்சியாகவும் போற்றி வருகிறது.

ஆனால், அதற்கு 8 ஆண்டுகளுக்கு முன்னர் அரசின் கெடுபிடி தொடங்கியபோது, இதே சிப்பிரியான் தலைமறைவாகியிருந்தார். நகரில் எஞ்சியிருந்தோர் சிறைக்கும் சித்திரவதைக்கும் உள்ளான வேளையில், வெளியிலிருந்து கடிதம் எழுதிய ஒருவருக்கு அவர்களை வழிநடத்தும் தகுதி உண்டா என்ற கேள்வி அவரைத் தொடர்ந்தது.

ஓர் அரசு தனது குடிமக்களிடம் விசுவாசத்துக்கு எழுத்துமூலச் சான்று கேட்கும்போது, சிறுபான்மைச் சமூகம் ஒன்றுக்குள் என்ன நிகழ்கிறது என்பதைக் காட்டும் மிகப் பழைய பதிவுகளில் ஒன்றாக அவரது வாழ்க்கையும் கடிதங்களும் அமைந்துள்ளன.

செல்வமும் சொல்வன்மையும்

கி.மு. 146இல் ரோமானியர்களால் அழிக்கப்பட்ட கார்த்தேஜ், பின்னர் ரோமானியக் குடியேற்ற நகராக மீண்டும் கட்டப்பட்டது. இன்றைய துனீசியத் தலைநகர் துனிஸை அடுத்துள்ள அந்நகரம், ரோமுக்குத் தானியம் அனுப்பிய ஆப்பிரிக்க மாகாணத்தின் தலைநகராக விளங்கியது. பேரரசின் மேற்குப் பகுதியில் இருந்த மிகப் பெரிய நகரங்களில் அதுவும் ஒன்று.

சிப்பிரியான் 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிறந்தவர்; வசதி படைத்தவர். சொற்கலை ஆசிரியராக நகரில் நற்பெயர் பெற்றிருந்தார். அக்காலத்தில் நீதிமன்றம், நகர மன்றம், அரசுப் பதவி ஆகிய அனைத்துக்கும் சொல்வன்மையே நுழைவாயிலாக இருந்தது.

ரோமானிய நகர வாழ்வு, புரவலருக்கும் அவரைச் சார்ந்து வாழ்வோருக்கும் இடையிலான உறவின் மீது கட்டப்பட்டிருந்தது. திருவிழா, பலி, பொது விருந்து, விளையாட்டரங்கு ஆகியவை நகரின் பொதுவாழ்வாகவும் சமயமாகவும் ஒருங்கே இருந்தன. எனவே, தெய்வங்களுக்குப் பலியிட மறுப்பது தனிமனித நம்பிக்கை சார்ந்த விடயமாக மட்டும் பார்க்கப்படவில்லை. ஊரோடு ஒட்டாமல் ஒதுங்குவதாகவும், தெய்வங்களின் சினத்தை ஊர் மீது வரவழைப்பதாகவும் அது கருதப்பட்டது.

கார்த்தேஜ் கிறிஸ்தவர்கள் இதன் விளைவை ஏற்கெனவே அறிந்திருந்தனர். 203ஆம் ஆண்டில் பெர்பேத்துவா என்ற இளந்தாயும் பெலிசித்தா என்ற அடிமைப் பெண்ணும் அந்நகரின் அரங்கில் கொல்லப்பட்டிருந்தனர்.

246ஆம் ஆண்டளவில் சிப்பிரியான் திருமுழுக்குப் பெற்றுக் கிறிஸ்தவரானார். தமது சொத்தின் பெரும்பகுதியை ஏழைகளுக்காக அளித்தார். இரண்டு, மூன்று ஆண்டுகளுக்குள்ளாகவே ஆயராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். மக்கள் பெருமளவில் ஆதரித்தாலும், மூத்த குருக்கள் ஐவர் அவரது தேர்வை எதிர்த்தனர். நேற்று வந்தவர் இன்று தலைவராவதா என்ற மனக்குறை, பின்னர் வந்த நெருக்கடியில் வெளிப்படையான பகையாக மாறியது.

டேசியஸின் ஆணை

249ஆம் ஆண்டில் பேரரசராகப் பதவியேற்ற டேசியஸ், எல்லைப்போர்களாலும் உள்நாட்டுக் கலகங்களாலும் தளர்ந்திருந்த அரசைப் பழைய தெய்வங்களின் அருளால் நிமிர்த்த விரும்பினார். பேரரசின் குடிமக்கள் அனைவரும் தெய்வங்களுக்குப் பலியிட வேண்டும் என்று ஆணை பிறப்பிக்கப்பட்டது.

ஆணைக்குப் பணிந்தவர்கள் அதற்குச் சான்றிதழ் பெற வேண்டியிருந்தது. எகிப்தில் பாப்பிரஸ் தாளில் எழுதப்பட்ட இத்தகைய சான்றிதழ்கள் 40க்கும் மேற்பட்டவை கண்டெடுக்கப்பட்டுள்ளன. 250ஆம் ஆண்டு ஜூன், ஜூலை மாதங்களைச் சேர்ந்தவை அவை. விண்ணப்பதாரரின் பெயர், ஊர், அவர் எப்போதும் தெய்வங்களுக்குப் பலியிட்டு வந்தவர் என்ற உறுதிமொழி, அதிகாரிகளின் முன்னிலையில் பலியிட்டுப் படையலை உண்டார் என்ற வாசகம், அதிகாரிகளின் கையொப்பம் ஆகியவை அவற்றில் உள்ளன. எகிப்திய முதலைத் தெய்வம் ஒன்றின் பெண் பூசாரிக்கு வழங்கப்பட்ட சான்றிதழும் அவற்றில் அடங்கும். கிறிஸ்தவர் அல்லாதோரும் சான்று பெற வேண்டியிருந்ததை இது காட்டுகிறது.

ஆகவே, இந்த ஆணை கிறிஸ்தவர்களை மட்டும் குறிவைத்ததா என்பதில் ஆய்வாளர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் அதன் சுமை கிறிஸ்தவர்கள் மீது கடுமையாக விழுந்தது என்பதில் ஐயமில்லை. ரோமின் ஆயர் ஃபேபியன் 250 ஜனவரியில் உயிரிழந்தார். புகழ்பெற்ற இறையியலாளர் ஒரிஜன் சிறையில் சித்திரவதை செய்யப்பட்டார்.

கார்த்தேஜில் நேர்ந்தது வேறு வகையான அதிர்ச்சி. பலியிடுவதற்காகக் கிறிஸ்தவர்கள் தாமாகவே முண்டியடித்து வந்ததாகவும், மாலையாகிவிட்டதால் அதிகாரிகள் பலரை மறுநாள் வரச் சொன்னதாகவும் சிப்பிரியானே வேதனையுடன் பதிவு செய்துள்ளார். சிலர் பலியிட்டனர். சிலர் தூபம் மட்டும் இட்டனர். வேறு சிலர் எதையும் செய்யாமல், பணம் கொடுத்துச் சான்றிதழை மட்டும் வாங்கிக்கொண்டனர்.

தலைமறைவிலிருந்து கடிதங்கள்

சிப்பிரியானைச் சிங்கத்துக்கு இரையாக்க வேண்டுமென அரங்கில் கூட்டம் கூச்சலிட்ட நிலையில், அவர் நகரிலிருந்து மறைந்தார். அவரது சொத்துகள் பறிமுதல் செய்யப்பட்டன. தாம் அங்கிருந்தால் தம்மை முன்னிட்டே வன்முறை பெருகும், மக்களின் நலன் கருதியே விலகியிருக்கிறேன் என்பது அவர் தந்த விளக்கம்.

இந்த விளக்கம் எல்லோராலும் ஏற்கப்படவில்லை. தங்கள் ஆயரை இழந்திருந்த ரோமின் குருக்கள் கார்த்தேஜ் குருக்களுக்கு எழுதிய கடிதத்தில், ஆடுகளை விட்டு ஓடும் கூலிக்கார மேய்ப்பனைப் பற்றிய நற்செய்தி உவமையை நினைவூட்டினர். சுட்டப்பட்டவர் யார் என்பது தெளிவாகவே இருந்தது. அக்கடிதம் உண்மையிலேயே அவர்கள் எழுதியதுதானா என்று கேட்டு, சிப்பிரியான் அதை அவர்களுக்கே திருப்பி அனுப்பினார். பின்னர், தலைமறைவுக் காலத்தில் தாம் எழுதிய 13 கடிதங்களின் படிகளை ரோமுக்கு அனுப்பி, தம் பொறுப்பைக் கைவிடவில்லை என எடுத்துரைத்தார்.

அக்கடிதங்களில் பெரும்பாலும் அன்றாட நிர்வாகமே காணப்படுகிறது. சிறையில் இருப்போருக்கும் ஏழைகளுக்கும் அந்நியர்களுக்கும் தமது சொந்தப் பணத்திலிருந்து உதவுமாறு அவர் பணிக்கிறார். சிறைக்குக் கூட்டமாகச் செல்ல வேண்டாம், குருக்கள் முறைவைத்துச் செல்லட்டும் என எச்சரிக்கிறார். சிறையில் இறப்போரின் நாளைக் குறித்துவைக்கச் சொல்கிறார்.

யார் மன்னிப்பது?

துன்புறுத்தல் தணியத் தொடங்கியதும், பலியிட்டவர்கள் திருச்சபைக்குத் திரும்ப விரும்பினர். சித்திரவதையைத் தாங்கி உறுதிகாத்த கைதிகளுக்குக் கிறிஸ்தவர்களிடையே பெரும் மதிப்பு இருந்தது. வழுவியோர் அவர்களை நாடினர். கைதிகளும் மன்னிப்புக் கடிதங்களை வழங்கினர். குறிப்பிட்ட ஒருவரோடு அவரைச் சார்ந்த அனைவரையும் ஏற்குமாறு கூறும் கடிதங்களும் புழங்கின.

அரசிடம் வாங்கிய சான்றிதழுக்கும் கைதிகளிடம் பெற்ற கடிதத்துக்கும் லத்தீனில் ஒரே சொல்தான் வழங்கியது. ஒரு தாள் இழைத்த தவற்றை இன்னொரு தாள் துடைத்துவிடும் என்ற நிலை உருவானது.

சிப்பிரியான் இதை மறுத்தார். தனித்தனியாக விசாரித்து, உரிய தவமுயற்சிக்குப் பின்னரே எவரையும் ஏற்க முடியும் என்றார். கொள்கையளவில் இது நியாயமான நிலைப்பாடுதான். ஆனால் அதைச் சொன்னவர், சித்திரவதைக்கு உட்படாமல் மறைந்திருந்தவர். அவரை ஏற்கெனவே எதிர்த்த குருக்கள், பெலிசிசிமுஸ் என்ற திருத்தொண்டருடன் சேர்ந்து தனி அணியாகினர்.

251ஆம் ஆண்டு, இன்றைய பல்கேரியாவில் உள்ள அப்ரித்துஸில் கோத்தியர்களுடன் நடந்த போரில் டேசியஸ் கொல்லப்பட்டார். அவ்வாண்டு உயிர்ப்பு விழாவுக்குப் பின்னர் சிப்பிரியான் கார்த்தேஜ் திரும்பி ஆயர்களின் மாநாட்டைக் கூட்டினார். சான்றிதழ் மட்டும் வாங்கியவர்களைத் தவமுயற்சிக்குப் பின் ஏற்பது, நேரடியாகப் பலியிட்டவர்களை மரணத் தறுவாயில் ஏற்பது என அங்கு முடிவானது.

இந்த நடுவழி இரு தரப்பையும் நிறைவுசெய்யவில்லை. ரோமில் நொவேசியன் என்ற குரு, வழுவியோரை ஒருபோதும் ஏற்கக் கூடாது எனக் கூறி, முறையாகத் தெரிவான கொர்னேலியுஸுக்குப் போட்டியாக ஆயரானார். கார்த்தேஜிலும் கடும்போக்காளர்களுக்கு ஒருவர், இளகிய போக்குடையோருக்கு ஒருவர் எனப் போட்டி ஆயர்கள் தோன்றினர். டேசியஸின் ஆணை ஓராண்டளவே வலுவாக இருந்தது. அது விட்டுச்சென்ற பிளவு பல தலைமுறைகள் நீடித்தது.

இதன் பின்னர் சிப்பிரியானின் நிலைப்பாடும் மாறியது. மீண்டும் துன்புறுத்தல் வரலாம் என்ற அச்சம் எழுந்தபோது, பலியிட்டிருந்தாலும் அதன் பின் தவமுயற்சியில் நிலைத்திருந்தோர் அனைவரையும் உடனடியாக ஏற்க அவரது தலைமையில் ஆயர்கள் முடிவு செய்தனர். போராட்டத்துக்கு அழைக்கப்படுவோரை ஆயுதமின்றி அனுப்பலாகாது என்பது அதற்கான காரணம்.

கொள்ளைநோய்க் காலம்

252ஆம் ஆண்டளவில் பேரரசைப் பல ஆண்டுகள் அலைக்கழித்த கொள்ளைநோய் கார்த்தேஜையும் தாக்கியது. அதன் அறிகுறிகளைச் சிப்பிரியான் விரிவாக எழுதிவைத்ததால், வரலாற்றில் அது அவரது பெயராலேயே அழைக்கப்படுகிறது. சடலங்கள் தெருக்களில் கிடந்தன. நோயுற்ற உறவினரையே மக்கள் கைவிட்டனர்.

தெய்வங்களை மதிக்காத கிறிஸ்தவர்களே இதற்குக் காரணம் என்ற குற்றச்சாட்டு எழுந்தது. அதற்கு அவர் எழுத்தில் பதிலளித்தார். அதேவேளையில், தம் மக்களைத் திரட்டி நோயுற்றோருக்கு உதவச் செய்தார். அவ்வுதவி கிறிஸ்தவர்களோடு நின்றுவிடக் கூடாது என்று அவர் வற்புறுத்தியதாக, அவரது திருத்தொண்டரும் வரலாற்றை எழுதியவருமான பொந்தியுஸ் குறிப்பிடுகிறார்.

இதே காலத்தில் நுமிடியாப் பகுதியில் கொள்ளைக் கூட்டத்தினர் கிறிஸ்தவர்கள் பலரைச் சிறைப்பிடித்துச் சென்றனர். அவர்களை மீட்கக் கார்த்தேஜ் திருச்சபை 100,000 செஸ்டர்ஸ் திரட்டி அனுப்பியது. கொடையளித்தோருக்காக மன்றாடும்படி அவர்களது பெயர்ப் பட்டியலையும் ஆயர் உடன் அனுப்பினார். புரவலர் ஒருவர் தம்மைச் சார்ந்தோருக்கு உதவும் பழைய முறை, இங்கு ஒரு சமூகம் முகமறியாதவர்களுக்கு உதவும் முறையாக விரிவடைந்ததைக் காணலாம்.

சொந்த நகரில் மரணம்

257ஆம் ஆண்டு பேரரசர் வலேரியன், இம்முறை திருச்சபைத் தலைவர்களையே நேரடியாகக் குறிவைத்து ஆணை பிறப்பித்தார். ஆகஸ்ட் 30ஆம் திகதி ஆளுநர் பத்தேர்னுஸ் முன்னிலையில் சிப்பிரியான் நிறுத்தப்பட்டார். குருக்களின் பெயர்களைக் கூறுமாறு கேட்டபோது, காட்டிக்கொடுப்பதை ரோமானியச் சட்டமே தடுத்துள்ளது எனச் சுட்டிக்காட்டி மறுத்துவிட்டார். கடலோர ஊரான குருபிஸுக்கு அவர் நாடுகடத்தப்பட்டார்.

மறு ஆண்டு ஆணை மேலும் கடுமையாகி, ஆயர்களுக்கும் குருக்களுக்கும் மரண தண்டனை என்றானது. ஆகஸ்ட் 6ஆம் திகதி ரோமின் ஆயர் இரண்டாம் சிக்ஸ்துஸ் கொல்லப்பட்டார். கார்த்தேஜுக்குத் திரும்ப அழைக்கப்பட்டிருந்த சிப்பிரியானை, உத்திக்கா நகரில் இருந்த புதிய ஆளுநர் கலேரியுஸ் மாக்சிமுஸ் அழைத்துவர ஆளனுப்பினார். அப்போது அவர் மீண்டும் ஒருமுறை மறைந்தார்.

ஆனால் இந்தத் தலைமறைவின் நோக்கம் வேறு. ஓர் ஆயர் தமது மக்கள் வாழும் நகரிலேயே, அவர்கள் முன்னிலையில் இறக்க வேண்டும் என்று அவர் தமது இறுதிக் கடிதத்தில் விளக்கினார். ஆளுநர் கார்த்தேஜ் வந்ததும் அவர் தமது இல்லத்துக்குத் திரும்பினார். செப்டம்பர் 13ஆம் திகதி கைது செய்யப்பட்டு, அன்றிரவு அதிகாரி ஒருவரின் வீட்டில் வைக்கப்பட்டார். மக்கள் தெருவில் காத்திருந்தனர். கூட்டத்தில் இருந்த இளம்பெண்களைப் பாதுகாப்பாகப் பார்த்துக்கொள்ளுமாறு அவர் சொல்லி அனுப்பினார்.

மறுநாள் விசாரணை சில நிமிடங்களில் முடியக்கூடிய அளவுக்கே சுருக்கமாக இருந்தது. பலியிட மறுத்தார், சிந்தித்துப் பார்க்கக் கிடைத்த வாய்ப்பையும் ஏற்கவில்லை. தம்மைக் கொல்லவிருந்தவனுக்கு 25 பொற்காசுகள் வழங்கச் சொல்லிவிட்டு, கண்களைத் தாமே கட்டிக்கொள்ள முயன்றார். அவரது குருதியை ஏந்துவதற்காக மக்கள் துணிகளை விரித்திருந்தனர். அன்றிரவு மெழுகுதிரிகளுடன் ஊர்வலமாகச் சென்று அவரை அடக்கம் செய்தனர்.

தொடர்ந்த கேள்வி

260ஆம் ஆண்டில் வலேரியன் பாரசீக மன்னர் முதலாம் ஷாப்பூரிடம் சிறைப்பட்டார். அவரது மகன் கல்லியேனுஸ் துன்புறுத்தலை நிறுத்தினார். ஆனால் 303ஆம் ஆண்டு டயோக்லீசியன் காலத்தில் அது மீண்டும் தொடங்கியபோது, அதே ஆப்பிரிக்காவில், அரசிடம் மறைநூல்களை ஒப்படைத்தவர்களை ஏற்கலாமா என்ற வடிவில் பழைய கேள்வியும் திரும்பி வந்தது. அதில் பிரிந்த தொனாத்துஸ் அணியினரும், அவர்களை எதிர்த்த அகுஸ்தீனும் சிப்பிரியானையே தங்கள் சான்றாகக் காட்டினர்.

இரு தரப்பும் அவரைத் தம்மவர் எனக் கூற முடிந்ததற்குக் காரணம் இருந்தது. முதலில் மறைந்தவரும் அவரே, பின்னர் நின்று இறந்தவரும் அவரே. கடுமையாக இருந்தவரும், நிலைமை உணர்ந்து இளகியவரும் அவரே. அவரது மரணம் முதல் தலைமறைவு மீதான விமர்சனத்தை அடக்கியது. ஆனால், அவர் 250ஆம் ஆண்டிலேயே பிடிபட்டிருந்தால், சிதறிய சமூகத்தை ஒன்றுசேர்த்த மாநாடுகளோ, கொள்ளைநோய்க் காலத்து நிவாரணப் பணியோ அவரது கையால் நடந்திருக்காது. வெளியேறியவர் மீதும் பணிந்தவர் மீதும் எஞ்சியோர் தீர்ப்பு வழங்கும்போது கவனிக்கத் தவறும் உண்மை இதுவே எனலாம்.