டி.எஸ்.பாலையா: தோற்றுக் காட்டிய கலைஞர்

நம் கழகத்தின் கலை இரவு நாடகத்தில் எனக்குக் கதாநாயகன் வேடம் கிடைக்கும் என்று உறுதியாக நம்பியிருந்தேன். பாத்திரப் பட்டியல் ஒட்டப்பட்ட அன்று ஓடிப்போய்ப் பார்த்தால், என் பெயருக்கு நேரே இருந்தது நாயகியின் தகப்பன் வேடம். பணத்திமிர் பிடித்தவன், கடைசிக் காட்சியில் எல்லார் முன்னிலையிலும் தோற்றுத் தலைகுனிபவன். மனம் உடைந்துவிட்டது.

அந்த வாரக் கடைசியில் கூலாய்க்கு, வீட்டுக்குப் போனபோது அப்பாவிடம் சொல்லி வருத்தப்பட்டேன். ரப்பர்த் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர் அவர். திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்து ரசிகர். ஆறுதலாக ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. அலமாரியைத் துழாவி ‘திருவிளையாடல்’ படத்தின் வி.சி.டி.யை எடுத்துப் போட்டார். சிவபெருமானாக வரும் சிவாஜியைப் பார்க்க வேண்டாம், மதுரைக்குப் பாட வரும் ஹேமநாத பாகவதரை மட்டும் பார் என்றார். டி.எஸ்.பாலையா என்னும் மாபெரும் கலைஞரை நான் உண்மையாகக் கண்டுகொண்டது அன்றுதான். அவரைப் பற்றித் தேடிப் பார்த்ததையும் படித்ததையும் கழக நண்பர்களோடு பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதல் படத்திலேயே வில்லன்

அன்றைய திருநெல்வேலி மாவட்டத்தில் 1914ஆம் ஆண்டு ஆகஸ்டு 23ஆம் நாள் பிறந்தவர் பாலையா. அக்கால நடிகர்கள் பலரையும் போல நாடக மேடையில் உருவாகித் திரைக்கு வந்தார். ஒலிவாங்கி இல்லாத மேடையில் கடைசி வரிசைக்கும் குரல் எட்ட வேண்டும். முகம் தெரியாத தூரத்தில் இருப்பவருக்கும் உடலசைவு பேச வேண்டும். அந்தப் பயிற்சி கடைசி வரைக்கும் அவரை விட்டுப் போகவில்லை.

1936இல் அமெரிக்கரான எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கிய ‘சதிலீலாவதி’ அவருக்கு முதல் படம். எஸ்.எஸ்.வாசனின் கதை அது. கதாநாயகனுக்குக் குடிப்பழக்கத்தை ஊட்டிக் குடியைக் கெடுக்கும் ராமநாதனாகப் பாலையா நடித்தார். குடிபோதையில் ஒரு கொலை செய்துவிட்டதாக நம்பிக் கதாநாயகன் இலங்கைக்கு ஓடிப்போய்த் தேயிலைத் தோட்டத்தில் கூலி வேலை பார்க்கிறான். தோட்டப்புறத்தில் மதுவால் சிதைந்த குடும்பங்களை அறிந்த நமக்கு அந்தக் கதை அந்நியமானதன்று.

அதே படத்தில்தான் எம்.ஜி.ஆரும் கே.ஏ.தங்கவேலுவும் திரைக்கு அறிமுகமானார்கள். எம்.ஜி.ஆருக்குக் கிடைத்தது ஒரு சிறிய காவல் அதிகாரி வேடம். பாலையாவுக்கோ கதையையே நகர்த்திச் செல்லும் வேடம். பதினோர் ஆண்டுகளுக்குப் பின், 1947இல், ‘ராஜகுமாரி’யில் எம்.ஜி.ஆர் முதன்முறையாகக் கதாநாயகன் ஆனார். அந்தப் படத்திலும் பாலையா இருந்தார். 1956இல் வந்த ‘மதுரை வீர’னில் எம்.ஜி.ஆர் மாவீரன், பாலையா அவருக்கு எதிராகச் சூழ்ச்சி செய்யும் நரசப்பன். உடன் தொடங்கியவர் உச்சத்துக்குப் போய்விட்டார். இவர் எதிர்ப்பக்கம் நின்று அவருக்கு ஈடுகொடுத்துக்கொண்டிருந்தார். பட்டியலில் பெயர் எங்கே இருக்கிறது என்று மனம் நொந்த என்னைப் போன்றவனுக்கு இது பெரிய பாடம்.

ஒரே வார்ப்பில் அடங்காதவர்

1937இல் வெளிவந்த ‘அம்பிகாபதி’யில், பாகவதர் என்றாலே தமிழுலகம் மயங்கிய எம்.கே.தியாகராஜ பாகவதருக்கு எதிராகத் தளபதி ருத்ரசேனனாக நின்றார் பாலையா. அந்த வெற்றிக்குப் பிறகு வாழ்நாள் முழுதும் வாளேந்திய வில்லனாகவே காலம் தள்ளியிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை.

அறிஞர் அண்ணாவின் ‘வேலைக்காரி’ 1949இல் திரைப்படமானபோது, பழிவாங்கத் துடிக்கும் கே.ஆர்.ராமசாமிக்கு அறிவு புகட்டும் நண்பன் மணியாக வந்தார். ஆத்திரப்படும் கதாநாயகனுக்கு அருகில் நிதானமாக யோசிக்கும் ஒருவன். 1954இல் ‘தூக்குத் தூக்கி’யில் கொச்சைத் தமிழ் பேசும் வடநாட்டு சேட்டாக வந்து கொட்டகையைக் குலுங்க வைத்தார். 1959இல் பீம்சிங் இயக்கிய ‘பாகப்பிரிவினை’யில் மனைவியின் சொல்லை மீறவும் முடியாமல், தம்பியை விட்டுப் பிரியவும் முடியாமல் தவிக்கும் மூத்த அண்ணன். தம்பியாக எஸ்.வி.சுப்பையா. வீடு இரண்டாகும் கட்டத்தில் இந்த இரு கிழவர்களும் நம் நெஞ்சைப் பிசைந்துவிடுகிறார்கள். சொத்துத் தகராறில் பேச்சுவார்த்தை அற்றுப்போன அண்ணன் தம்பிகள் இல்லாத குடும்பம் உண்டா? என் பாட்டி அந்தப் படத்தைப் பாதியில் எழுந்து போய்விடுவார் என்று அப்பா சொல்லியிருக்கிறார்.

இப்படி எந்த வேடத்திலும் தன்னைப் பொருத்திக்கொள்பவரைத் தமிழில் குணச்சித்திர நடிகர் என்கிறோம். கதாநாயகனைப் பார்க்கும்போது பெரும்பாலும் நடிகர்தான் தெரிகிறார். குணச்சித்திர நடிகரிடம் பாத்திரம் முன்னே வந்து நிற்கிறது. அவர் பின்னே போய்விடுகிறார்.

பயந்து சிரிக்க வைத்தவர்

1964இல் ஸ்ரீதர் எடுத்த ‘காதலிக்க நேரமில்லை’ நமக்கு இன்னொரு வகையிலும் நெருக்கமானது. அதில் அறிமுகமான ரவிச்சந்திரன் கோலாலம்பூரில் பிறந்தவர். ஆனாலும் படத்தைத் தாங்கி நிற்பவர் சின்னமலைப் பணக்காரர் விஸ்வநாதனாக வரும் பாலையாவே. பணமுள்ள இடத்தில் பெண்ணைக் கொடுக்க வேண்டும் என்னும் ஆசையே அவரை ஏமாளியாக்குகிறது.

படமெடுக்கப் போவதாகச் சொல்லும் மகன் நாகேஷ், அப்பாவுக்குத் திகில் கதை சொல்லும் காட்சியை அறியாத தமிழர் குறைவு. கதை சொல்வதும் ஓசை எழுப்புவதும் நாகேஷ்தான். பாலையாவுக்கு அங்கே வேலை கேட்பது மட்டுமே. கண் விரிகிறது, முகம் கோணுகிறது, உட்கார்ந்த இடத்திலேயே உடம்பு ஒடுங்குகிறது. ஒலியை நிறுத்திவிட்டு அந்தக் காட்சியை ஓட்டிப் பார்த்தேன். அப்போதும் சிரிப்பு வந்தது. அவர் அப்படிப் பயப்படாமல் போயிருந்தால் நாகேஷின் கதை வெறும் கூச்சலாகப் போயிருக்கும். ஐம்பது வயதை நெருங்கிய மூத்த நடிகர், வளர்ந்து வரும் இளையவருக்குக் காட்சியைத் தூக்கிக் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்திருக்கிறார். பேசுவதை விடக் கேட்பது கடினமான நடிப்பு என்று அன்றுதான் எனக்குப் புரிந்தது.

தோற்றுப்போன பாகவதர்

அப்பா காட்டிய ஹேமநாத பாகவதருக்கு வருகிறேன். ஏ.பி.நாகராஜன் இயக்கிய ‘திருவிளையாடல்’ வெளிவந்த ஆண்டு 1965. பாண்டியன் அவையில் பாடிச் சவால் விடும் வித்துவானுக்குப் பாலமுரளிகிருஷ்ணா பின்னணி பாடினார். ராகங்கள் ஒன்றன்பின் ஒன்றாக மாறிவரும் பாடல் அது. குரல் வேறொருவருடையது என்ற நினைப்பே நமக்கு வராதபடி, ஒவ்வொரு சங்கதிக்கும் பாலையாவின் கழுத்தும் விரலும் புருவமும் சேர்ந்து பாடுகின்றன. அவையைப் பார்க்கும் பார்வையிலேயே இங்கே எனக்கு நிகர் யார் என்னும் செருக்கு.

இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. ஹேமநாதர் அரைகுறைப் பாடகராகத் தெரிந்திருந்தால் அவரை வெல்ல பாணபத்திரரே போதும். இறைவன் விறகு சுமந்து வரவேண்டிய தேவையே இல்லை. அவர் எவ்வளவு உயர்ந்து நிற்கிறாரோ அவ்வளவுக்குத்தான் சிவனின் ஆட்டமும் உயரும். அதனால் பாலையா அந்த வேடத்தைக் கேலிக்குரியதாக்கவில்லை. உண்மையான மேதையாகவே நின்று காட்டினார். பிறகு இரவில் திண்ணையிலிருந்து எழும் விறகுவெட்டியின் பாட்டைக் கேட்கிறார். அந்தச் செருக்கு முகத்தில் வியப்பும் அச்சமும் வந்து, கடைசியில் தன் கல்வி எவ்வளவு சிறியது என்னும் அறிவு படர்கிறது. வெற்றி பெறுபவருக்கு ஒரு முகம் போதும். தோற்பவருக்குப் பல முகங்கள் வேண்டும்.

1967இல் கே.பாலசந்தரின் ‘பாமா விஜய’த்தில், பக்கத்து வீட்டுக்கு வந்த நடிகைக்காக ஆடம்பரத்தில் இறங்கிக் கடன்படும் பிள்ளைகளையும் மருமகள்களையும் திருத்தும் தந்தையானார். மறு ஆண்டு ‘தில்லானா மோகனாம்பாள்’. நாதசுரக் கலைஞர் சிக்கல் சண்முகசுந்தரமாகச் சிவாஜி; அவருக்குப் பக்கத்தில் தவில் முத்துராக்காகப் பாலையா. சேர்ந்து வாசிப்பவனுக்கு உள்ள உரிமையும், கோபக்காரத் தம்பியைத் தாங்கிப் பிடிக்கும் அண்ணனின் பாசமும் அந்த நடிப்பில் கலந்திருந்தன. தவில் இல்லாமல் நாதசுரக் கச்சேரி ஏது? அவருடைய கலை வாழ்க்கைக்கே அந்த வேடம் பொருத்தமான உவமை என்று எனக்குத் தோன்றுகிறது.

1972ஆம் ஆண்டு ஜூலை 22ஆம் நாள் பாலையா மறைந்தார். அப்போது அவருக்கு வயது 57தான். அவர் மகன் ஜூனியர் பாலையாவும் திரையில் பெயர் பெற்று 2023இல் காலமானார்.

மீண்டும் கலை இரவு

எங்கள் நாடகம் அரங்கேறியது. கடைசிக் காட்சியில் உடனே தலைகுனிந்துவிடாமல், தோல்வியை நம்ப மறுப்பவனாக ஒரு கணம் நின்றேன். பிறகு மகளைப் பார்த்தேன். பிறகுதான் தலை குனிந்தேன். மண்டபம் அமைதியாக இருந்தது. அந்த அமைதிக்குப் பின்னால்தான் கதாநாயகனுக்குக் கைதட்டல் எழுந்தது. அந்தக் கைதட்டலில் என் பங்கும் உண்டு என்று எனக்குத் தெரியும். படம் பிடித்துக்கொள்ள எல்லாரும் நாயகனையும் நாயகியையும் சூழ்ந்துகொண்டார்கள். அப்பா மட்டும் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, ஒட்டுமீசையோடு நின்ற என் தோளைத் தட்டிவிட்டுப் போனார்.

இளைய நண்பர்களே, அடுத்த கலை இரவுக்கும் பட்டியல் ஒட்டப்படும். உங்கள் பெயர் மேலே இல்லாமல் போகலாம். அன்று இரவு பாலையாவின் படம் ஒன்றைப் போட்டுப் பாருங்கள்.