மேடையில் எழுந்த மக்கள் குரல்

நுழையும்முன்

இழப்பு ஒரு கலைஞரை முடக்கிப்போடவும் கூடும். பிறர் துயரை உணரும் ஆற்றலை அவருக்கு வழங்கவும் கூடும். அடிமைகள், ஒதுக்கப்பட்டோர், உடற்குறையால் எள்ளப்பட்டோர் ஆகியோரின் துயரைத் தம் இசையால் அரங்கின் நடுவே நிறுத்தியவர் இத்தாலிய இசைமேதை ஜுசெப்பே வெர்டி. ஓபரா என்னும் இசைநாடகக் கலையில் அவர் நிகழ்த்திய அருஞ்செயல்களை அறிவோம்.

ஓபரா என்னும் கலை

பாடல், கருவியிசை, நடிப்பு, காட்சியமைப்பு ஆகியன ஒன்றிணைந்த கலைவடிவம் ஓபரா. இதில் மாந்தர் தம் உள்ளக் கருத்துகளைப் பெரிதும் பாடியே வெளிப்படுத்துவர். பதினாறாம் நூற்றாண்டின் இறுதியில் இத்தாலியின் ஃபுளோரன்ஸ் நகரில் இக்கலை முகிழ்த்தது. 1607ஆம் ஆண்டில் மாந்துவா அரசவையில் அரங்கேறிய மொன்டெவெர்டியின் ‘ஓர்ஃபெயோ’ இதன் தொடக்ககாலப் பெரும்படைப்பாகும். அரண்மனைக்குள் வளர்ந்த ஓபரா, 1637ஆம் ஆண்டில் வெனிஸ் நகரில் திறக்கப்பட்ட பொது அரங்கின் வழியாகக் கட்டணம் செலுத்தும் மக்களை வந்தடைந்தது. ஒலிபெருக்கி இல்லாத அக்காலத்தில், பல்லியக் குழுவின் முழக்கத்தையும் கடந்து அரங்கின் கடைசி வரிசைவரை கேட்குமாறு பாடகர்கள் பாட வேண்டியிருந்தது. பல்லாண்டுக் குரற்பயிற்சியின்றி இது கைகூடாது.

சிற்றூரில் பிறந்த சிறுவன்

பார்மா பகுதியிலுள்ள லே ரோன்கோலே என்னும் சிற்றூரில் 1813ஆம் ஆண்டு அக்டோபர் திங்களில் வெர்டி பிறந்தார். அப்போது அப்பகுதி பிரெஞ்சு ஆட்சியின்கீழ் இருந்தமையால் அவருடைய பிறப்புப் பதிவு பிரெஞ்சு மொழியிலேயே எழுதப்பட்டது. தந்தை கார்லோ ஒரு சிறு விடுதியை நடத்திவந்தார்; தாய் லூயிஜா நூல் நூற்கும் தொழில் அறிந்தவர்.

மகனின் இசையார்வத்தைக் கண்ட பெற்றோர், ஸ்பினெட் என்னும் பழைய விசைப்பலகைக் கருவியொன்றை அவனுக்கு வாங்கித் தந்தனர். அதனைச் செப்பனிட வந்த கைவினைஞர், சிறுவனின் ஆர்வத்தைக் கண்டு மகிழ்ந்து கூலி பெற மறுத்துவிட்டார். அருகிலுள்ள புஸ்ஸேத்தோ நகரின் வணிகரும் இசையன்பருமான ஆன்டோனியோ பரெஸ்ஸி, வெர்டியைத் தம் இல்லத்தில் ஏற்று ஆதரித்தார்.

1832ஆம் ஆண்டில் வெர்டி, மிலான் இசைக்கல்லூரியில் சேர விண்ணப்பித்தார். வயது வரம்பைக் கடந்தவர், வேற்று நாட்டினர், பியானோ வாசிக்கும் முறையில் குறையுடையவர் என அவருக்கு இடம் மறுக்கப்பட்டது. இத்தாலி அன்று பல சிறு நாடுகளாகச் சிதறிக் கிடந்தது. ஒரே மொழி பேசும் மண்ணிலேயே வெர்டி அயலாராகக் கருதப்பட்டதற்கு அதுவே காரணம். அவர் மனந்தளராது, வின்சென்ஸோ லாவின்யா என்னும் ஆசிரியரிடம் தனியே இசை பயின்றார். இடம் மறுத்த அக்கல்லூரி இன்று வெர்டியின் பெயரையே தாங்கி நிற்கிறது.

துயரும் மீட்சியும்

1836ஆம் ஆண்டில் பரெஸ்ஸியின் மகள் மார்கரீட்டாவை வெர்டி மணந்தார். அவர்களுக்கு ஒரு மகளும் ஒரு மகனும் பிறந்தனர். 1838 ஆகஸ்டில் மகளும், 1839 அக்டோபரில் மகனும், 1840 ஜூனில் மனைவியும் அடுத்தடுத்து இறந்தனர். இரண்டாண்டுகளுக்குள் அவர் குடும்பம் முழுமையும் இழந்தார்.

மிலானின் புகழ்பெற்ற லா ஸ்காலா அரங்கில் அவருடைய முதல் ஓபராவான ‘ஓபெர்டோ’ 1839ஆம் ஆண்டில் அரங்கேறி ஓரளவு வரவேற்பைப் பெற்றிருந்தது. ஒப்பந்தத்தின்படி அடுத்து அவர் எழுத வேண்டியிருந்ததோ நகைச்சுவை ஓபரா! மனைவியை இழந்த துயரத்தினூடே அவர் எழுதி முடித்த அப்படைப்பு, 1840 செப்டம்பரில் படுதோல்வி அடைந்தது. இனி இசையே அமைப்பதில்லை என வெர்டி முடிவெடுத்தார்.

அந்நிலையில் லா ஸ்காலா அரங்கின் நிர்வாகி மெரெல்லி, புதியதொரு நாடகப் பனுவலை வெர்டியிடம் அளித்தார். பாபிலோனில் சிறைப்பட்ட யூத மக்களின் கதை அது. தாயகத்தை இழந்து ஏங்கும் அம்மக்களின் துயரம், அனைத்தையும் இழந்து நின்ற வெர்டியின் உள்ளத்தைத் தொட்டது. 1842 மார்ச் 9ஆம் நாள் அரங்கேறிய ‘நபுக்கோ’ பெருவெற்றி பெற்றது. அவ்வாண்டிலேயே அது மீண்டும் மேடையேறி, ஒரே பருவத்தில் 57 முறை நிகழ்த்தப்பட்டது.

நாடு தழுவிய குரல்

‘நபுக்கோ’வின் மூன்றாம் பகுதியில், அடிமைப்பட்ட மக்கள் தம் தாய்மண்ணை நினைந்து ஒன்றுசேர்ந்து பாடும் குழுப்பாடல் இடம்பெறுகிறது. பெரும்பகுதி பலரும் ஒரே மெட்டில் ஒரே குரலாகப் பாடுமாறு வெர்டி அதனை அமைத்தார். எளிமையால் அம்மெட்டு கேட்போர் நெஞ்சில் எளிதாகப் பதிந்தது. அப்பாடலின் முதல்நாள் வரவேற்பைப் பற்றி மிகைப்பட்ட கதைகள் பின்னாளில் பல வளர்ந்தன. எனினும், இத்தாலியர் தம் விடுதலை வேட்கையோடு அப்பாடலைக் காலப்போக்கில் இணைத்துக்கொண்டனர்.

1859ஆம் ஆண்டளவில் வெர்டியின் பெயரே ஒரு முழக்கமானது. இத்தாலியின் அரசர் விட்டோரியோ இமானுவேலே என்னும் பொருள்தரும் இத்தாலியச் சொற்களின் முதலெழுத்துகளைச் சேர்த்தால் வெர்டி என்னும் பெயர் கிடைக்கும். ஆகவே வெர்டியை வாழ்த்தியோர் ஒன்றுபட்ட இத்தாலியையும் உடன்வாழ்த்தினர். 1861ஆம் ஆண்டில், ஒன்றுபட்ட நாட்டின் முதல் நாடாளுமன்றத்திற்கு அவர் உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

ஒதுக்கப்பட்டோர்க்கு ஓர் அரங்கு

வெர்டியின் மாந்தர் பலர், சமூகம் ஏறெடுத்தும் பாராதவர்கள். 1851ஆம் ஆண்டில் வெனிஸ் நகரில் அரங்கேறிய ‘ரிகொலெட்டோ’வின் தலைமை மாந்தன், கூனல் முதுகுடைய அரசவைக் கோமாளி. பிரெஞ்சு எழுத்தாளர் விக்டர் ஹ்யூகோவின் நாடகத்தைத் தழுவிய இப்படைப்பை ஆஸ்திரிய ஆட்சியின் தணிக்கையாளர்கள் எதிர்த்தனர். மன்னனை ஒழுக்கக்கேடனாகக் காட்டுவது அவர்களுக்குப் பொறுக்கவில்லை. எனவே மன்னன், மாந்துவாவின் பிரபுவாக மாற்றப்பட்டான். ஆனால், கோமாளியின் கூனலை நீக்க வெர்டி இசையவில்லை. உருவத்தால் எள்ளப்படுபவனின் உள்ளே பொங்கும் தந்தையன்பைக் காட்டுவதே அவர் நோக்கம்.

அந்நாடகத்தின் இறுதிப் பகுதியில் நால்வர் ஒரே நேரத்தில் பாடுகின்றனர். பிரபு காதல்மொழி பேசுகிறான். அவன் நாடும் பெண் நகைக்கிறாள். ஏமாற்றப்பட்ட கோமாளியின் மகள் விம்முகிறாள். கோமாளி பழிவாங்கத் துடிக்கிறான். நால்வரும் ஒரே வேளையில் உரைநாடகத்தில் பேசினால் எதுவும் விளங்காது. இசையிலோ நான்கு உள்ளங்களும் தனித்தனியே புலப்படுகின்றன. ஓபராவுக்கே உரிய ஆற்றல் இது.

1853ஆம் ஆண்டில் ‘இல் த்ரொவதோரே’யில் ஒரு நாடோடித் தாயையும், ‘லா த்ராவியாத்தா’வில் சமூகம் ஒதுக்கிவைத்த ஒரு பெண்ணையும் அவர் முதன்மைப்படுத்தினார். ‘லா த்ராவியாத்தா’ முதல் அரங்கேற்றத்தில் தோற்றது. மறு ஆண்டே அதே வெனிஸ் நகரில் வென்றது. 1871 டிசம்பர் 24ஆம் நாள் கெய்ரோவில் அரங்கேறிய ‘ஐதா’, எகிப்தில் அடிமையாக வாழும் எத்தியோப்பிய இளவரசியின் கதையாகும். போரினால் முற்றுகையிடப்பட்ட பாரிஸ் நகரில் அதன் காட்சித்திரைகளும் உடைகளும் சிக்கிக்கொண்டமையால் அரங்கேற்றம் தள்ளிப்போயிற்று.

முதுமையிலும் அவர் ஆற்றல் குன்றவில்லை. கவிஞர் பொய்ட்டோவின் பனுவல்களுக்கு இசையமைத்து, ஷேக்ஸ்பியரின் மாந்தரை மேடையேற்றினார். ‘ஒதெல்லோ’ 1887ஆம் ஆண்டிலும், நகைச்சுவை ஓபராவான ‘ஃபால்ஸ்டாஃப்’ 1893ஆம் ஆண்டிலும் லா ஸ்காலாவில் அரங்கேறின. இளமையில் நகைச்சுவையில் தோற்றவர், எண்பதாம் வயதை நெருங்குகையில் அதே அரங்கில் நகைச்சுவையாலேயே வென்றார்.

இறுதிப் படைப்பு

மேடையில் புகழோடு பாடியவர்கள், குரல் தளர்ந்தபின் வறுமையில் வாடுவதை வெர்டி அறிந்திருந்தார். அவர்களுக்காக மிலான் நகரில் ஓர் இல்லம் எழுப்பினார். தம் படைப்புகளின் உரிமைத்தொகை வருவாய் அதற்குச் சேருமாறு செய்தார். நன்றியுரைகளை விரும்பாத அவர், தம் மறைவுக்குப் பின்னரே அதனைத் திறக்க வேண்டுமென வேண்டினார்.

1901 ஜனவரியில் வெர்டி நோயுற்றுக் கிடந்தபோது, வண்டிகளின் ஓசை அவரை வருத்தாதிருக்க மிலான் மக்கள் தெருவில் வைக்கோல் பரப்பினர். அத்திங்கள் 27ஆம் நாள் அவர் மறைந்தார். அவர் விரும்பியவாறே இறுதிச்சடங்கு எளிமையாக நடைபெற்றது. ஒரு திங்கள் கழித்து, அவருடலும் இரண்டாம் மனைவி ஜுசெப்பீனாவின் உடலும் அவ்வில்லத்திற்குக் கொண்டுசெல்லப்பட்டன. தெருவெங்கும் மக்கள் திரண்டு நிற்க, தோஸ்கனினியின் தலைமையில் எண்ணூற்றுக்கும் மேற்பட்டோர் ‘நபுக்கோ’வின் குழுப்பாடலைப் பாடினர்.

1902ஆம் ஆண்டு வெர்டியின் பிறந்தநாளில் திறக்கப்பட்ட அவ்வில்லம் இன்றும் இயங்கிவருகிறது. முதிய இசைவாணர்களோடு இளம் இசை மாணவர்களும் அங்குத் தங்கிப் பயில்கின்றனர்.