கோப்பைக்குப் பெயர் தந்தவர்

டேவிஸ் கோப்பை என்றால் நம் விடுதியில் யாரும் விழிப்பதில்லை. ராமநாதன் கிருஷ்ணனைப் பற்றியும் அமிர்தராஜ் சகோதரர்களைப் பற்றியும் மணிக்கணக்கில் பேச நம்மவரில் ஆள் உண்டு. ஆனால் அந்த டேவிஸ் யார் என்று கேட்டுப் பாருங்கள்; கோப்பையைச் செய்த தட்டானின் பெயரோ என்று எண்ணுவாரும் இருக்கின்றனர். அவர் நம்மைப் போல் ஒரு பல்கலைக்கழக மாணவர். படிக்கிற காலத்திலேயே அந்தக் கோப்பையை அளித்தவர். தம் நாட்டின் இரட்டையர் சாம்பியனாகவும் விளங்கியவர்.

டுவைட் ஃபில்லி டேவிஸ் 1879 ஜூலை 5ஆம் நாள், அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில் செல்வம் மிக்க வணிகக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். ஹார்வர்டில் பயின்றார். இடக்கை ஆட்டக்காரர். 1898இல் தேசிய ஒற்றையர் போட்டியின் இறுதி வரை சென்று, மால்கம் விட்மனிடம் தோற்றார். மறு ஆண்டு கல்லூரிகளுக்கிடையிலான ஒற்றையர் பட்டம் அவருக்குக் கிடைத்தது. எனினும் ஒற்றையரில் அவர் தேசிய சாம்பியன் ஆனதே இல்லை. அவர் புகழெல்லாம் இரட்டையர் ஆட்டத்தில்தான்.

துணையாக அமைந்தவர் ஹார்வர்டு நண்பர் ஹோல்கோம்ப் வார்டு. வார்டு வலக்கையர்; இவர் இடக்கையர். 1899, 1900, 1901 என மூன்று ஆண்டுகள் தொடர்ந்து அமெரிக்க இரட்டையர் பட்டம் இவர்களிடமே இருந்தது. இவர்கள் கையாண்ட முறுக்குச் சர்வீஸ் அக்காலத்தில் பெரும் வியப்பாக இருந்தது. பௌதிகம் பயிலும் எனக்கு இதைச் சொல்லாமல் மேலே போக மனம் வரவில்லை. பந்தை மட்டையால் சாய்வாக மேல்நோக்கித் தேய்த்து அடித்தால் அது சாய்ந்த அச்சில் சுழல்கிறது. சுழலும் பந்தின் இரு பக்கத்திலும் காற்றின் அழுத்தம் ஒன்றாக இராது. எனவே பந்து ஒரு பக்கம் வளைந்து இறங்குகிறது. தரையில் பட்டதும் உராய்வு அதே சுழற்சியைப் பற்றிக்கொள்ள, பந்து நேர் எதிர்ப்பக்கமாக உயர எகிறுகிறது. வளைந்த திசையை நம்பி மட்டையை நீட்டியவர் கதி என்னாகும்?

1899 கோடையில் டேவிஸ், வார்டு, விட்மன், பீல்ஸ் ரைட் ஆகிய நால்வரும் அமெரிக்காவின் மேற்குக் கரைக்கு ஆடச் சென்றனர். கிழக்கிலிருந்து வந்த இளைஞர்களைக் காண மேற்கில் கூட்டம் கூடியது. ஒரு நாட்டின் இரு கரைகளுக்கிடையே இத்தனை ஆர்வம் என்றால், இரு நாடுகளுக்கிடையே எவ்வளவு இருக்கும் என்ற எண்ணம் டேவிஸுக்கு எழுந்தது. எண்ணம் நம் எல்லாருக்கும்தான் எழுகிறது! அவரிடம் பணமும் இருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை. 217 அவுன்சு வெள்ளியில், அதாவது ஏறத்தாழ ஆறே முக்கால் கிலோ எடையில், பாஸ்டன் நகரத்துக் கடை ஒன்றின் வழியாக ஒரு பெரிய கிண்ணம் செய்வித்து டென்னிஸ் சங்கத்திடம் ஒப்படைத்தார்.

முதல் போட்டி 1900 ஆகஸ்டில் பாஸ்டனின் லாங்வுட் மைதானத்தில் நடந்தது. பிரிட்டனிலிருந்து கோர், பிளாக், ரோப்பர் பேரட் மூவர் வந்தனர். அமெரிக்க அணிக்கு இருபத்தொரு வயது டேவிஸே தலைவர். பிளாக்கிடம் முதல் செட்டை இழந்தும் அடுத்த மூன்றையும் வென்றார். மறுநாள் வார்டுடன் சேர்ந்து இரட்டையரையும் வென்றார். மூன்றாம் நாள் மழை. அமெரிக்கா 3-0 என்று வென்றது. புல் நீளம், வலை தொய்வு, பந்து மென்மை என்று வந்தவர்கள் குறைப்பட்டுக் கொண்டார்கள். தோற்ற அணி மைதானத்தைக் குறை சொல்வது அன்றும் இருந்தது!

1901இல் டேவிஸும் வார்டும் விம்பிள்டன் சென்று, இங்கிலாந்தின் டோகர்ட்டி சகோதரர்களிடம் தோற்றுத் திரும்பினர். 1902இல் அச்சகோதரர்களே அமெரிக்கா வந்து தேசிய இரட்டையர் பட்டத்தையும் இவர்களிடமிருந்து பறித்துச் சென்றனர். அதன் பின் டேவிஸின் ஆட்டம் மெல்ல ஓய்ந்தது.

கிண்ணம் மட்டும் வளர்ந்தது. பெயர் பொறிக்க இடம் போதாமல் 1921இல் ஒரு வெள்ளித் தாம்பாளமும் அளித்தார். அவ்வாண்டில்தான் இந்தியா முதன்முதலாக இப்போட்டியில் இறங்கி பிரான்ஸை வென்றது. 1966இல் கிருஷ்ணன் அணி மெல்போர்னில் ஆஸ்திரேலியாவிடம் 4-1 எனத் தோற்றபோது, நாம் வென்ற அந்த ஒன்று இரட்டையர் ஆட்டமே. 1974இல் அமிர்தராஜ் சகோதரர்கள் இருந்த நம் அணி இறுதிக்கு வந்தும், நிறவெறிக் கொள்கையைக் கண்டித்துத் தென்னாப்பிரிக்காவுடன் ஆட மறுத்துக் கோப்பையை விட்டுக்கொடுத்தது. நாடுகளின் நட்புக்காக அளிக்கப்பட்ட கோப்பைக்கு அதைவிடச் சிறந்த மரியாதை உண்டா என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

ஆனால் டேவிஸின் செயல்களில் நான் பெரிதாகக் கருதுவது கோப்பையை அன்று. சட்டப் பட்டம் பெற்றும் வழக்கறிஞர் தொழிலுக்குப் போகாத அவர், 1911 முதல் 1915 வரை செயின்ட் லூயிஸ் நகரப் பூங்காக்களின் ஆணையராக இருந்தார். பூங்கா என்பது வேடிக்கை பார்ப்பதற்கு மட்டும் அன்று, ஆடுவதற்கும் உரியது என்பது அவர் கொள்கை. நகராட்சிச் செலவிலேயே பொதுமக்களுக்கு டென்னிஸ் தளங்கள் அமைத்தார். அதுவரை டென்னிஸ் பெரும்பாலும் சங்கத்து உறுப்பினரின் ஆட்டம். சந்தா கட்ட இயலாதவன் வேலிக்கு வெளியேதான். அந்த வேலிக்குள்ளேயே பிறந்து வளர்ந்தவர் அதைத் திறந்துவிட்டாரே!

முதல் உலகப் போரில் 1918 செப்டம்பரில் பிரான்சின் ஆர்கான் போர்முனையில் காட்டிய துணிவுக்காக உயரிய விருது பெற்றார். 1925 முதல் 1929 வரை கூலிட்ஜ் அமைச்சரவையில் போர்த்துறை அமைச்சர். பின்னர் 1932 வரை பிலிப்பைன்ஸ் தீவுகளின் தலைமை ஆளுநர். இந்த இடத்தில்தான் எனக்கு அவரோடு ஒட்டவில்லை. அந்நியர் ஆட்சியை அறிந்த நாட்டில் பிறந்தவன் நான். ஆள வந்தவர் நல்லவர் என்பதால் மட்டும் ஆட்சி நல்லதாகிவிடாது.

1945 நவம்பர் 28ஆம் நாள் அவர் வாஷிங்டனில் காலமானார். ஆர்லிங்டன் தேசியக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார். பிலிப்பைன்ஸ் விடுதலை பெற்றது 1946 ஜூலை 4இல். மறுநாள் அவருடைய பிறந்த நாள். இரண்டாம் உலகப் போரால் 1939க்குப் பின் நின்றிருந்த டேவிஸ் கோப்பைப் போட்டி அவ்வாண்டே மீண்டும் தொடங்கியது. டிசம்பரில் மெல்போர்னில் அமெரிக்கா 5-0 என்று வென்று கிண்ணத்தைத் தன் நாட்டுக்கு எடுத்துச் சென்றது.