தைக்காடு ஆஸ்பத்திரியை நம்ப வைத்த லேடி டாக்டர்
மேரி பூனன் லூக்கோஸ் அம்மையாரின் வாழ்க்கை

தைக்காடு ஆஸ்பத்திரியைத் தெரியாத தமிழர் திருவனந்தபுரத்தில் இருக்க முடியாது. தம்பானூர் ரயில் நிலையத்தில் இறங்கினால் நடந்தே போய்விடலாம். சாலை பஜாரில் மூட்டை தூக்குகிறவர் வீட்டுப் பிள்ளையும் அங்கே பிறந்திருக்கிறது. குமாஸ்தா வீட்டுப் பிள்ளையும் அங்கே பிறந்திருக்கிறது. பிரசவ வலி கண்டதும் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும் என்று இன்று யாருக்கும் சொல்லித் தர வேண்டியதில்லை.

நூறு ஆண்டுகளுக்கு முன் நிலைமை வேறு. ஆஸ்பத்திரி என்றாலே பயம். ஆண் டாக்டர் தொட்டுப் பார்ப்பதா என்ற கூச்சம். வீட்டு இருட்டறையில் மருத்துவச்சியின் கையில்தான் தாயின் உயிரும் பிள்ளையின் உயிரும். அந்தப் பயத்தையும் கூச்சத்தையும் போக்க உழைத்தவர்களில் முதலாவதாகச் சொல்ல வேண்டியவர் டாக்டர் மேரி பூனன் லூக்கோஸ் அம்மையார்.

டாக்டர் வீட்டு ஒரே மகள்

1886ஆம் ஆண்டு ஆகஸ்டு 2ந் தேதி, கோட்டயம் அருகே அய்மனத்தில் சிரியன் கிறிஸ்தவக் குடும்பம் ஒன்றில் மேரி பிறந்தார். தந்தை டி.இ.பூனன், திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் முதல் மருத்துவப் பட்டதாரி. அரண்மனை டாக்டராக இருந்தவர். தாயாருக்கு உடல்நலம் சரியில்லை. அதனால் ஆங்கிலேய ஆசிரியைகளை வீட்டில் அமர்த்தி மகளை வளர்த்தார்கள். பெற்றோருக்கு அவர் ஒரே பிள்ளை.

திருவனந்தபுரம் ஹோலி ஏஞ்சல்ஸ் கான்வென்டில் படித்து, மெட்ரிகுலேஷனில் முதலாவதாகத் தேறினார். தந்தையைப் போல் டாக்டராக வேண்டும் என்பது ஆசை. அதற்கு விஞ்ஞானம் படிக்க வேண்டும். இன்று யூனிவர்சிட்டி காலேஜ் என்று வழங்கும் மகாராஜா கல்லூரிக்குப் போனார். பெண்ணுக்கு விஞ்ஞானப் பாடம் கிடையாது என்று கதவைச் சாத்திவிட்டார்கள். மார்க் குறைவு என்று சொல்லவில்லை. பெண் என்பதே குறை.

அவர் வீட்டுக்குத் திரும்பிவிடவில்லை. கிடைத்த சரித்திரப் பாடத்தை எடுத்துக்கொண்டார். கல்லூரியில் அத்தனை ஆண்களுக்கு நடுவே ஒரே ஒரு மாணவி. 1909ல் பி.ஏ. பட்டம் பெற்றார்.

கப்பல் ஏறினார்

பட்டம் பெற்ற பெண்ணுக்கு அடுத்தது கல்யாணம் என்றுதான் அந்நாளில் எந்த வீட்டிலும் பேச்சு எழும். பூனன் வீட்டிலோ மகள் லண்டனுக்குக் கப்பல் ஏறினார். லண்டன் பல்கலைக்கழகம் 1878லேயே பெண்களுக்குப் பட்டம் தரத் தொடங்கியிருந்தது. ஆனால் ஐரோப்பா முழுவதும் அப்படி இருந்ததாக எண்ணிவிடக் கூடாது. ஆக்ஸ்போர்டு பெண்களுக்குப் பட்டம் தந்தது 1920ல்தான். கேம்பிரிட்ஜ் முழு உரிமையோடு பட்டம் தர 1948 வரை ஆயிற்று.

1915ல் மேரி எம்.பி.பி.எஸ். தேறினார். கேரளத்திலிருந்து போய் லண்டனில் டாக்டர் பட்டம் பெற்ற முதல் பெண் அவர்தான். பிறகு டப்ளின் நகரின் ரோட்டண்டா மருத்துவமனையில் பிரசவ மருத்துவமும், லண்டன் கிரேட் ஆர்மண்ட் ஸ்ட்ரீட் மருத்துவமனையில் குழந்தை மருத்துவமும் பயின்றார். இடையே சங்கீதப் பரீட்சையும் எழுதித் தேறினார்.

அது முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்த காலம். ஆண் டாக்டர்கள் போர்முனைக்குப் போனதால், அதுவரை பெண் டாக்டரைச் சேர்க்காத ஆஸ்பத்திரிகளும் பெண்களைக் கூப்பிட்டன. போர் முடிந்ததும் அந்தக் கதவுகளில் பல மறுபடியும் மூடிக்கொண்டன.

1916ஆம் ஆண்டு

1916ல் தந்தை காலமானார். அந்த ஆண்டே மேரி நாடு திரும்பி, தைக்காடு பெண்கள், குழந்தைகள் ஆஸ்பத்திரியில் பிரசவ டாக்டராகச் சேர்ந்தார். ஆஸ்பத்திரியின் பொறுப்பும் அவர் கைக்கு வந்தது.

அதே 1916ல் திருவிதாங்கூரில் கிறிஸ்தவர்களுக்கான வாரிசுச் சட்டம் ஒன்று வந்தது. உயில் எழுதாமல் தகப்பன் இறந்தால் மகனுக்குக் கிடைப்பதில் நாலில் ஒரு பங்கு, அல்லது 5 ஆயிரம் ரூபாய், இவற்றில் எது குறைவோ அதுதான் மகளுக்கு. லண்டனில் படித்து வந்த டாக்டராக இருந்தாலும் சட்டத்தின் முன் மகள் கால் பங்குக்காரிதான். அந்தச் சட்டம் 70 ஆண்டு நின்றது. அதை எதிர்த்து வழக்காடி, 1986ல் சுப்ரீம் கோர்ட்டில் வென்றவர் பெயரும் மேரிதான். அவர், அதே அய்மனத்தோடு தொடர்புடைய மேரி ராய்.

கல்யாணமும் உத்தியோகமும்

1917ல் மேரிக்குத் திருமணம் நடந்தது. மணமகன் கே.கே.லூக்கோஸ், வக்கீல், பின்னாளில் திருவிதாங்கூர் ஹைகோர்ட் நீதிபதி ஆனவர். சின்னஞ்சிறு வயதில் பெண்களுக்குத் தாலி ஏறிய காலத்தில், முப்பது வயதை எட்டிய பிறகு மேரி கல்யாணம் செய்துகொண்டார். கல்யாணத்துக்குப் பிறகும் உத்தியோகத்தை விடவில்லை.

இது எவ்வளவு பெரிய காரியம் என்பது ஐரோப்பாவை நினைத்தால் விளங்கும். பிரிட்டனில் அரசாங்க உத்தியோகத்தில் இருக்கும் பெண் கல்யாணம் செய்துகொண்டால் ராஜினாமா செய்ய வேண்டும் என்பது விதி. உள்நாட்டு உத்தியோகங்களில் இது 1946ல்தான் ரத்தாயிற்று. வெளிநாட்டுத் தூதரக உத்தியோகத்தில் 1973 வரை நீடித்தது. மேற்கு ஜெர்மனியில், வீட்டுக் கடமைக்குக் குந்தகம் வராதவரைதான் மனைவி வேலைக்குப் போகலாம் என்று சட்டமே சொல்லிற்று. 1977ல் அது மாறியது. நம் நாட்டிலும் வெளிநாட்டுத் தூதரகப் பணியில் இருந்த பெண், சர்க்கார் அனுமதி பெற்றுத்தான் மணம் புரியலாம் என்றிருந்த விதியை 1979ல் சுப்ரீம் கோர்ட் கண்டித்தது.

அதற்கெல்லாம் பல ஆண்டுகளுக்கு முன்பே திருவனந்தபுரத்தில் ஒரு பெண், மனைவியாகவும் இரு குழந்தைகளின் தாயாகவும் இருந்துகொண்டு ஆஸ்பத்திரியையும் நடத்தினார்.

அரிக்கேன் விளக்கில் ஆபரேஷன்

1920ல் கேரளத்தின் முதல் சிசேரியன் ஆபரேஷனை அவர் செய்தார் என்று கூறப்படுகிறது. ஆஸ்பத்திரிக்கு மின்சாரம் வராத காலம். அரிக்கேன் விளக்கு வெளிச்சத்தில்தான் ஆபரேஷன்கள் நடந்தன. பென்சிலினும் அன்று கிடையாது. வயிற்றைக் கிழித்தால் சாவுதான் என்று நம்பிய ஜனங்களிடம், தாயையும் பிள்ளையையும் சேர்த்துக் காட்டுவதைத் தவிர வேறு பிரசாரம் எடுபடாது.

மருத்துவச்சிகளை அவர் விரோதிகளாக நினைக்கவில்லை. ஆஸ்பத்திரி வந்தால் தங்கள் பிழைப்புப் போய்விடுமே என்று அவர்கள் அஞ்சியது நியாயம். அம்மையார் அந்த மருத்துவச்சிகளின் பிள்ளைகளையே கூப்பிட்டுப் பிரசவம் பார்க்கப் பயிற்சி கொடுத்தார். தாய் செய்த தொழிலை மகள் சுத்தமான கருவிகளோடும் சம்பளத்தோடும் செய்தாள். பிழைப்பும் போகவில்லை, எதிர்ப்பும் குறைந்தது.

சர்ஜன் ஜெனரல்

1924ல் சேது லட்சுமிபாய் மகாராணி ஆட்சிப் பொறுப்பை ஏற்றார். அந்த ஆண்டு மேரி அம்மையார் தற்காலிக சர்ஜன் ஜெனரல் ஆனார். இந்தியாவில் அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண் அவரே. அந்த 1920களிலேயே சமஸ்தானச் சட்டசபைக்கும் நியமிக்கப்பட்டார். திருவிதாங்கூரின் முதல் பெண் சட்டசபை உறுப்பினர் அவர்தான்.

1938ல் முழுப் பொறுப்புடன் சர்ஜன் ஜெனரல் ஆனார். 32 அரசு ஆஸ்பத்திரிகள், 40 அரசு டிஸ்பென்சரிகள், 20 தனியார் நிலையங்கள் அவர் மேற்பார்வைக்கு வந்தன. அமெரிக்காவில் ஒரு பெண் அந்தப் பெயருள்ள பதவிக்கு வந்தது 1990ல்தான். பெண் என்பதால் விஞ்ஞானப் பாடம் மறுக்கப்பட்டவர், சமஸ்தானத்து ஆண் டாக்டர்கள் அத்தனை பேருக்கும் மேலதிகாரி ஆனார்.

தமிழர்கள் நினைவில் வைக்க வேண்டியது நாகர்கோவில் காசநோய் ஆஸ்பத்திரி. அதை ஏற்படுத்தியதில் அம்மையாருக்குப் பெரும் பங்கு உண்டு. காசநோய்க்கு மருந்து இல்லாத காலம் அது. நல்ல காற்று, ஓய்வு, சத்துள்ள சாப்பாடு இவைதான் வைத்தியம். நோயாளியை வீட்டிலேயே வைத்திருந்தால் பராமரிக்கும் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் தொற்றும். தனி ஆஸ்பத்திரி வந்ததால் அந்தக் குடும்பங்கள் தப்பின. 1956 நவம்பர் 1ந் தேதி கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு சேர்ந்தபோது, அந்த ஆஸ்பத்திரியும் தமிழகத்துக்கு வந்தது. திருவனந்தபுரத்தில் எக்ஸ்ரே, ரேடியம் நிலையம் அமைந்ததும் அவர் முயற்சியால்தான்.

கடைசிக் காலம்

மகாராஜா சித்திரைத் திருநாள் அவருக்கு ‘வைத்திய சாஸ்திர குசலா’ பட்டம் அளித்தார். 1975ல் இந்திய அரசு பத்மஸ்ரீ விருது வழங்கியது. இளம்பெண்களுக்கான ஒய்.டபிள்யூ.சி.ஏ. சங்கத்தைத் திருவனந்தபுரத்தில் தொடங்கி, 1968 வரை தலைவியாக இருந்தார்.

சொந்த வாழ்வில் துக்கம் மிகுதி. மகள் கிரேசி டாக்டர் ஆனார். மகன் வெளிநாட்டுத் தூதரகப் பணிக்குப் போனார். கணவரும் இரு பிள்ளைகளும் அவருக்கு முன்பே மறைந்தனர். எத்தனையோ தாய்மார் கையில் பிள்ளையை எடுத்துக் கொடுத்தவர், தம் பிள்ளைகளைப் பறிகொடுத்துத் தனியாக வாழ்ந்தார். 1976 அக்டோபர் 2ந் தேதி, 90ஆவது வயதில் காலமானார்.

அவர் உயிரோடு இருந்த காலத்திலேயே உலகம் வேறு பக்கம் திரும்பத் தொடங்கியிருந்தது. 1960களில் கேரளத்து நர்சுகள் மேற்கு ஜெர்மனிக்கு வேலைக்குப் போனார்கள். பின்னால் போன கணவர்களில் பலருக்கு வேலை செய்ய அனுமதி கிடைக்கவில்லை. மனைவி டியூட்டிக்குப் போக, கணவன் வீட்டில் பிள்ளை வளர்த்தான். 1974ல் சுவீடன், பிள்ளை பிறந்தால் தகப்பனும் சம்பளத்தோடு லீவு எடுத்து வீட்டில் இருக்கலாம் என்று சட்டம் செய்தது. நம் மத்திய அரசு ஊழியருக்கு 1997ல் 15 நாள் தந்தையர் லீவு வந்தது. மூட்டை தூக்குகிறவருக்கும் ஓட்டல் தொழிலாளிக்கும் அந்த 15 நாளும் இல்லை.

பிழைப்புக்காக ஊரை விட்டு வந்தவர்களுக்கு இது தூரத்துச் செய்தி அல்ல. மாமியாரும் அம்மாவும் ஊரில், பிரசவித்தவள் இங்கே. கஞ்சி வைக்கவும், பிள்ளையைத் தூக்கவும், ராத்திரி கண் விழிக்கவும் கணவனை விட்டால் ஆள் இல்லை. பிள்ளை பெறுவது பத்திரமான காரியமாக வேண்டும் என்று மேரி பூனன் லூக்கோஸ் அம்மையார் ஆயுள் முழுவதும் உழைத்தார். ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பிய பிறகு பாதி வேலை வீட்டு ஆணுடையது.