மின்னலை ஜாடியில் பிடித்த பெஞ்சமின் பிராங்க்ளின்... அந்தக் கரண்ட் ஏன் வீட்டுக்கு வரல?

கையில் பட்டம், நூலில் தொங்கும் சாவி, மேலே பளிச்சென்று மின்னல். பெஞ்சமின் பிராங்க்ளின் என்றதும் பலருக்கும் நினைவுக்கு வரும் படம் இதுதான். ஆனா அந்தப் படத்தில் ஒரு பெரிய தப்பு இருக்கு. அவரது பட்டத்தின் மீது மின்னல் விழவே இல்லை. விழுந்திருந்தால் மனுஷன் அங்கேயே முடிந்திருப்பார்.

1706 ஜனவரி 17-ம் தேதி அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் பிறந்தவர் பிராங்க்ளின். அப்பா மெழுகுவர்த்தியும் சோப்பும் தயாரித்து விற்றவர். வீட்டில் மொத்தம் 17 பிள்ளைகள், இவர் 15-வது. பள்ளிக்கூடம் போனது 2 வருஷம்தான். 12 வயதில் அண்ணனின் அச்சகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். அண்ணனோடு ஒத்துப்போகவில்லை. 17 வயதில் சொல்லாமல் கொள்ளாமல் பிலடெல்பியாவுக்கு ஓடிவிட்டார். அங்கே அச்சகம், பத்திரிகை, பஞ்சாங்கம் என்று தொட்டதெல்லாம் காசானது. 42 வயதில் தொழிலைக் கூட்டாளியிடம் ஒப்படைத்துவிட்டு, முழுசா மின்சார ஆராய்ச்சியில் இறங்கினார்.

வான்கோழியும் ஷாக்கும்

அப்போது மின்சாரம் என்பது கிட்டத்தட்ட ஒரு வித்தை. கண்ணாடியைத் தேய்த்து, பொறி பறக்கவிட்டு, கூட்டத்தை வாய் பிளக்க வைப்பார்கள். அந்த மின்சாரத்தைச் சேர்த்து வைக்க இருந்த ஒரே பாத்திரம் லேடன் ஜாடி. உள்ளேயும் வெளியேயும் உலோகத் தகடு ஒட்டிய கண்ணாடி ஜாடி, அவ்வளவுதான். பல ஜாடிகளை ஒன்றாக இணைத்து, அதற்கு 'பேட்டரி' என்று பெயர் வைத்தவர் பிராங்க்ளின்தான். இன்று செல்போனுக்குள் இருப்பதற்கும் அதே பெயர்.

1750 டிசம்பரில், இரண்டு பெரிய ஜாடிகளில் சேர்த்த மின்சாரத்தால் ஒரு வான்கோழியைக் கொல்லப் பார்த்தார். ஷாக் அடித்தது அவருக்கு! சிறிது நேரம் நினைவே இல்லை. பிழைத்துக்கொண்டார்.

ஜாடியில் வரும் பொறியும் வானத்து மின்னலும் ஒன்றுதான் என்பது அவரது சந்தேகம். அதைச் சோதிக்கும் வழியை அவர் எழுதி அனுப்ப, பிரான்ஸ்காரர்கள் முந்திக்கொண்டார்கள். 1752 மே 10-ம் தேதி, பாரிஸ் அருகே மார்லி என்ற ஊரில் சுமார் 40 அடி உயர இரும்புக் கம்பியை நட்டு, மேகத்திலிருந்து பொறியை வரவழைத்துக் காட்டினார்கள்.

அந்தச் சேதி வந்து சேர்வதற்கு முன்பே, ஜூன் மாதம் பிராங்க்ளின் பட்டம் விட்டதாகச் சொல்லப்படுகிறது. பட்டுத்துணியில் பட்டம், நனைந்த சணல் நூல், அதில் ஒரு சாவி. மேகத்தில் இருந்த மின்னேற்றம் மட்டும் நூல் வழியாக இறங்கியது. சாவியிலிருந்து லேடன் ஜாடி நிறைந்தது. கூட இருந்தது மகன் வில்லியம் மட்டுமே. விரிவான விவரம் வெளிவந்ததே 15 வருஷம் கழித்துத்தான். அதனால் இது நிஜமாகவே நடந்ததா என்று கேட்கும் வரலாற்று ஆசிரியர்களும் உண்டு.

சந்தேகமே இல்லாதது அடுத்து நடந்தது. அதே ஆண்டு வீட்டுக் கூரையில் இரும்புக் கம்பி நட்டு, அதோடு இரண்டு மணிகளை இணைத்தார். மின்னேற்றம் உள்ள மேகம் மேலே வந்தால் மணி தானாக அடிக்கும். உடனே ஓடிப்போய் ஜாடியை நிரப்பிக்கொள்வார். வான மின்சாரத்தில் ஓடிய முதல் காலிங் பெல் என்றே சொல்லலாம். மனைவி டெபோராவுக்கு மட்டும் அந்தச் சத்தம் பயம். மணிகளுக்கு நடுவே கம்பியைக் கட்டிவிட்டால் சத்தம் வராது என்று லண்டனிலிருந்து கடிதம் எழுதினார் கணவர்.

எல்லோருக்கும் அந்த அதிர்ஷ்டம் இல்லை. 1753-ல் ரஷ்யாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் இதே மாதிரி ஆய்வு செய்த விஞ்ஞானி ரிச்மன், கம்பி வழியாக இறங்கிய மின்னல் தாக்கி அங்கேயே இறந்தார்.

அப்போ மின்னலிலிருந்து கரண்ட் எடுக்க முடியாதா?

ஒரு மின்னலில் சுமார் 100 கோடி ஜூல் ஆற்றல் இருக்கும் என்பது பொதுவான கணக்கு. கரண்ட் பில் கணக்கில் சொன்னால் கிட்டத்தட்ட 280 யூனிட். சின்னக் குடும்பத்துக்கு ஓரிரு மாதம் ஓடும், அவ்வளவுதான்! இதிலும் பெரும்பகுதி காற்றைச் சூடாக்குவதிலும் வெளிச்சத்திலும் இடிச் சத்தத்திலுமே கரைந்துபோகிறது. தரைக்கு வரும் மிச்சமும் கண் இமைப்பதற்குள் முடிந்துவிடும். சுமார் 30,000 ஆம்பியரை அந்த வேகத்தில் வாங்கிச் சேமிக்க பேட்டரி கிடையாது. அடுத்த மின்னல் எங்கே விழும் என்றும் தெரியாது.

உலகம் முழுக்க ஆண்டுக்குச் சுமார் 140 கோடி மின்னல்கள். அத்தனையையும் ஒரு பொட்டு விடாமல் பிடித்தாலும், உலகின் மின்தேவையில் 2 சதவீதம்கூட தேறாது. 2007 வாக்கில் ஓர் அமெரிக்க நிறுவனம் முயற்சி செய்து பார்த்துவிட்டுக் கைவிட்டது.

பிராங்க்ளின் மின்னலைக் காசாக்க நினைக்கவில்லை. அதை வீட்டுக்குள் விடாமல் நேராக மண்ணுக்கு அனுப்பும் இடிதாங்கியைக் கொடுத்தார். அதற்குக் காப்புரிமைகூட வாங்கவில்லை. எப்படிச் செய்வது என்பதைத் தன் பஞ்சாங்கத்திலேயே அச்சிட்டார். இன்றும் கோயில் கோபுரம் முதல் அடுக்குமாடி வரை நிற்பது அதே யோசனைதான்.

பின்னாளில் அமெரிக்கச் சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்திட்ட தலைவர்களில் ஒருவரானார். பட்டம் விட்ட அன்று கூட நின்ற மகன் வில்லியமோ, நியூஜெர்சியின் கவர்னராக பிரிட்டிஷ் மன்னர் பக்கமே நின்றார். அப்பாவும் மகனும் அதன்பின் ஒட்டவே இல்லை. 1790 ஏப்ரல் 17-ம் தேதி, 84 வயதில் பிராங்க்ளின் காலமானார். உயிலில் வில்லியமுக்கு அவர் ஏறக்குறைய எதுவுமே எழுதி வைக்கவில்லை.