கூட்டுறவுத் தொண்டர் இராமதாசு பந்துலு

மழை பொய்த்த ஆண்டில் ஊரார் அனைவரும் ஒருங்கே கடன் கேட்பர். பழங்கடனைத் திருப்புவார் எவருமிலர். அந்நாளில் ஐக்கிய நாணயச் சங்கம் என வழங்கிய சிற்றூர்ச் சங்கம், தனித்து நின்றால் இந்நிலையைத் தாங்காது. உழவனோ மீண்டும் வட்டிக் கடைக்காரரின் வாயிலுக்கே செல்வான். இதனை நன்குணர்ந்தவர் 1873-இல் பிறந்த வே. இராமதாசு பந்துலு. மயிலாப்பூரில் வாழ்ந்த வழக்கறிஞராகிய அவருக்கு, சட்ட நூலினும் ஊர்ச்சங்கத்தின் கணக்கேடே இனித்தது போலும்!

ஊர்ச்சங்கங்களுக்கு மாவட்ட மத்திய வங்கியும், அதற்குச் சென்னை மாகாணக் கூட்டுறவு வங்கியும் துணைநின்றன. மாகாண வங்கியின் தலைவராகிய பந்துலு அவ்வளவில் அமையாது, இந்திய மாகாணக் கூட்டுறவு வங்கிகள் சங்கத்திற்கும், அனைத்திந்தியக் கூட்டுறவு நிறுவனங்கள் சங்கத்திற்கும் தலைமை பூண்டார். இந்தியக் கூட்டுறவுக்கென ஆங்கில இதழொன்றும் நடத்தினார். 1944-இல் அவர் மறைந்தார். அவர் தலைமை தாங்கிய நிறுவனங்கள் சங்கமே பின்னர் இந்தியத் தேசியக் கூட்டுறவு ஒன்றியமாக வளர்ந்து, தில்லியில் இயங்கி வருகிறது.