ரூ.1 லட்சத்துக்கு விலைபோன ஓலைச்சுவடிகள்!

சாணார்பட்டி பக்கம் பரணில் கிடக்கும் பழைய ஓலைக்கட்டை அடுப்பில் போடப் போகிறீர்களா? கொஞ்சம் பொறுங்க! இதைப் படியுங்கள்.

காலின் மெக்கன்சி ஸ்காட்லாந்துக்காரர். 1754ல் பிறந்தவர். 1783ல் கம்பெனிப் பட்டாளத்தில் சேர்ந்து சென்னைக்கு வந்தார். ஆரம்ப காலத்தில் கோவை, திண்டுக்கல் சீமைகளிலும் வேலை பார்த்தார். நிலம் அளப்பதுதான் தொழில். ஆனால் போன இடமெல்லாம் சுவடி, கல்வெட்டு, காசு என்று சேர்த்தார்.

நம்ம பாஷை அவருக்குத் தெரியாது. காவலி வெங்கட போரையா என்ற தெலுங்கு வாலிபர்தான் வலது கை. 1803ல் போரையா இறந்தார். தம்பி லட்சுமையா தொடர்ந்தார். ஆட்கள் ஊர் ஊராகப் போய், பெரியவர்களிடம் கேட்டு எழுதிய ஊர்க்கதைகள்தான் ‘கைபீது’கள்.

1815ல் இந்தியாவின் முதல் சர்வேயர் ஜெனரல் ஆனார் மெக்கன்சி. எல்லாவற்றுக்கும் பட்டியல் போட ஆசைப்பட்டார். நடக்கவில்லை. 1821 மே 8ல் கல்கத்தா அருகே உயிர் பிரிந்தது. மனைவியிடம் ரூ.1 லட்சம் கொடுத்து கம்பெனி அத்தனையையும் வாங்கியது.

வில்சன் என்ற துரை 1828ல் பட்டியல் அச்சிட்டார். சுவடிகள் 1,568. கல்வெட்டுப் படிகள் 8,076. காசுகள் 6,218. சேர்த்த சரக்கோ லண்டன், கல்கத்தா, சென்னை என்று பிரிந்தது. வேலையைத் தொடர லட்சுமையா அனுமதி கேட்டார். கிடைக்கவில்லை!

சென்னைப் பங்கில் பல ஏடுகள் செல்லரித்தன. டெய்லர் பாதிரியார் பார்த்துப் படியெடுக்க வைத்தார். 1857 முதல் 1862 வரை 3 தொகுதி பட்டியலும் போட்டார். மிஞ்சியவை சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் உள்ளன.

உங்க வீட்டு ஓலைக்கட்டு எந்தப் பட்டியலிலும் இல்லை. எரித்தால் போச்சு!